மீன், தவளை, பல்லி, முதலை, கோழி, மனிதன்

ஜூன் 4

தம்பி,

இரண்டு வருடத்துக்குப் பிறகு அக்காவிடமிருந்து தட்டச்சில் ஒரு கடிதம் என்று பதறாதே. யாருக்கும் உடம்புக்கு ஒன்றுமில்லை. சமாதானம் பேசவும் வரவில்லை. ஒரு படத்தைப் பற்றிக் கேட்க வேண்டியிருக்கிறது, அவ்வளவுதான்.

போன வாரம் எங்கள் பள்ளிக்கு ஆய்வு அதிகாரியம்மா ஒருவர் வந்தார். பார்வையில்லாத பிள்ளைகளுக்குப் பார்வையில்லாத ஒருத்தி உயிரியல் நடத்துகிறாளாமே, எப்படி என்று பார்க்க வந்தவர். பேனா மூடியைத் திறப்பதும் மூடுவதுமாக இருந்தார். அந்தச் சத்தத்தை வைத்தே அவர் எங்கே நிற்கிறார் என்று தெரிந்துகொண்டிருந்தேன். ஒன்பதாம் வகுப்பில் ஒருத்தி இருக்கிறாள், வாயாடி என்றுதான் எல்லாரும் கூப்பிடுவோம். அவளை எழுப்பி, "தவளைக்கு நெருங்கின சொந்தம் யாரும்மா? மீனா, மனுஷனா?" என்று கேட்டார். அவளும் யோசிக்காமல் "மீன்" என்றாள். நான் கற்றுக்கொடுத்த பதில். பேனா மூடியின் சத்தம் நின்றது. "மனுஷன்தான். புத்தகத்துல படமே போட்டிருக்காங்களே" என்றார்.

வகுப்பே சிரித்தது, தவளையும் மனிதனும் சொந்தமாம் என்று. வெட்கக்கேடு, நானும் சேர்ந்து சிரித்தேன்.

அவர் எழுதிவிட்டுப் போன அறிக்கையை எங்கள் விடுதி வார்டன் எனக்கு வாசித்துக் காட்டினார். படம் இல்லாமல் நடத்த முடியாத பாடங்களை இந்தப் பள்ளியில் நிறுத்திவிடலாமாம். என்னை மொழிப்பாடத்துக்கு மாற்றிவிடலாமாம். ஆகஸ்ட் முதல் தேதி மறுபடி வருகிறார். அதற்குள் என் பிள்ளைகள் அந்தப் படத்தைப் புரிந்துகொண்டால் உயிரியல் இருக்கும். இல்லையென்றால் போய்விடும். அது போனால் எனக்கு என்ன மிச்சம் என்று உனக்குத் தெரியும்.

அந்தப் படத்தை எனக்கு வாசித்துக் காட்டியவன் நீ. கல்லூரி இரண்டாம் வருடம், மாடி அறையில். "மீன், தவளை, பல்லி, முதலை, கோழி, மனிதன்" என்று படித்தாய். நான் அப்படியே பிரெய்லில் குத்தி வைத்துக்கொண்டேன். இந்தப் பதினோரு வருடமாக அதைத்தான் நடத்தி வருகிறேன். மீன் தவளையாயிற்று, தவளை பல்லியாயிற்று, கடைசியில் மனிதன் வந்து நின்றான் என்று. பள்ளிப் புத்தகத்திலும் அதே படம்தான். வார்டனிடம் இப்போது அந்தப் பக்கத்தைக் காட்டிக் கேட்டேன். அவரும் மீன், தவளை, பல்லி என்றுதான் வாசித்தார். கண் உள்ளவர்கள் எல்லாரும் இப்படித்தானா?

நீ கம்பியை வளைத்துப் பிழைப்பவன். ஒரு கோடு எங்கே புறப்பட்டு எங்கே போகிறது என்று உனக்காவது தெரிய வேண்டும். பழைய புத்தகம் உன் வீட்டுப் பரணில்தான் கிடக்கும். எடுத்துப் பார். அந்தப் பக்கத்தில் பெயர்களைத் தவிர வேறு என்ன இருக்கிறது என்று ஒன்று விடாமல் எழுது.

"நான் வாசிச்சுக் காட்டலேன்னா இவ ஒரு பக்கம் தாண்டியிருப்பாளா?" என்று, இரண்டு வருடத்துக்கு முன்னால் என்னைப் பாராட்டிய அன்றைக்கு, எல்லார் முன்னாலும் கேட்டாயே, அதை நான் மறக்கவில்லை. மன்னிப்பெல்லாம் வேண்டாம். எனக்குப் படம் வேண்டும்.

அக்கா

*

ஜூன் 11

அக்கா,

முதலில் இதை உனக்கு வாசித்துக்காட்டப்போகும் வார்டன் அம்மாவுக்கு என் வணக்கம். என் கையெழுத்தைப் பார்த்துத் திட்ட வேண்டாம் என்று சொல். எலிப்பொறி செய்து செய்து விரல்கள் இப்படித்தான் எழுதும்.

உன் கடிதத்தை மூன்று தடவை படித்தேன். பதில் எழுத உட்கார்ந்தால் கை ஓடவில்லை. "அக்கா கேட்டது படத்தைத்தான், உங்களை இல்ல. சும்மா மூஞ்சியத் தூக்கி வெச்சுக்காம பரண்ல ஏறுங்க" என்று என் மனைவி விரட்டினாள். ஏறினேன். புத்தகம் கிடைத்தது. அட்டையைக் கரையான் அரித்திருக்கிறது, உள்ளே பழுதில்லை.

ஒரு விஷயம் சொல்லிவிடுகிறேன். அப்போது எனக்குப் பதினேழு வயது. நாளுக்கு நாற்பது பக்கம் உனக்கு வாசித்தேன். தொண்டை கட்டிப்போய் வெந்நீர் குடித்துக்கொண்டு வாசித்தேன். அந்த நாற்பதில் ஒரு படம் தவறிப்போனதற்கு, இரண்டு வருடம் பேசாமல் இருந்துவிட்டு, இப்போது வந்து என் சட்டையைப் பிடிக்கிறாய். இருக்கட்டும்.

படம் இது. அடியில் நட்டுவைத்த மாதிரி ஒரு கோடு. அது கொஞ்சம் மேலே போய் இரண்டாகப் பிரிகிறது. ஒரு கிளை இடது பக்கமாக நேரே உச்சிவரைக்கும் போகிறது, அதன் நுனியில் மீன். இன்னொரு கிளை மேலே போய் மறுபடி பிரிகிறது. அப்புறம் மறுபடியும் மறுபடியும். உச்சியில் ஆறு நுனி இருக்கிறது, ஒரே மட்டத்தில். அதில் இடமிருந்து வலமாக அந்த ஆறு பெயர். நான் அந்த ஆறு பெயரைத்தான் உனக்கு வாசித்திருக்கிறேன். எழுத்து அங்கேதானே இருக்கிறது? கோட்டில் எதுவும் எழுதவில்லை, வாசிப்பதற்கு.

ஆனால் ஒன்று கேட்கிறேன். நீ சொல்கிற அதிகாரியம்மா படத்தைப் பார்த்துத்தான் பேசினாரா? மீனும் தவளையும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன. ஒரு விரல் அகலம்கூட இடைவெளி இல்லை. மனிதன் எங்கேயோ வலது கடைசியில் இருக்கிறான். தவளைக்கு அவன் எப்படி நெருக்கமாவான்? ஒரு அளவுகோலைக் கையில் கொடுத்து அளக்கச் சொன்னால் நான்கூட மீன் என்றுதான் சொல்வேன்.

தப்பு படத்தில்தான் இருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. அந்தம்மாவிடம் சொல்லிப் பார்.

தம்பி

*

ஜூன் 16

தம்பி,

சட்டையைப் பிடிக்கிறேனாம். இன்னும் பிடிக்கவே இல்லை.

உன் கடிதத்தில் உருப்படியாக நாலு வரி இருந்தது. "அது இரண்டாகப் பிரிகிறது, ஒரு கிளை மீனுக்கு, இன்னொரு கிளை மேலே போய் மறுபடி பிரிகிறது." இதை வார்டனை ஐந்து தடவை வாசிக்கச் சொன்னேன். அவர் அலுத்துக்கொண்டார். பிறகு நான் ஜன்னல் கம்பியில் ஒரு கயிற்றைக் கட்டினேன், அதில் இன்னொரு கயிறு முடிந்தேன், ஒரு முனைக்கு மீன் என்று பெயர் வைத்தேன். அதற்குமேல் போக முடியவில்லை, ஏனென்றால் நீ "அப்புறம் மறுபடியும் மறுபடியும்" என்று எழுதிக் கைகழுவிவிட்டாய். முக்கியமான இடத்தில் எப்போதும் நீ இப்படித்தான்.

நுனிகளுக்கு நடுவே விரலை வைத்து அளப்பது யார் சொன்ன கணக்கு? இரண்டு நுனிக்கும் நடுவே காற்றுதானே இருக்கிறது. கோடு இல்லாத இடத்தில் என்ன சொந்தம் இருக்க முடியும்? எனக்குக் கண் இல்லை, அதனால் ஒரு நுனியிலிருந்து இன்னொரு நுனிக்குத் தாவ முடியாது. கயிற்றைப் பிடித்துக்கொண்டு கீழே இறங்கித்தான் ஆக வேண்டும். அப்படி இறங்கிப் பார்த்ததில்தான் சந்தேகமே வந்தது.

இப்போது நான் சொல்வதைச் செய். கோடு பிரியும் இடத்தைக் கணு என்று வைத்துக்கொள்வோம். உன் விரலைத் தவளையின் நுனியில் வை. கோட்டை விடாமல் கீழே இறங்கு. மனைவியை மனிதனின் நுனியில் விரல் வைத்து இறங்கச் சொல். இரண்டு விரலும் எந்தக் கணுவில் முட்டுகின்றன? அதேபோலத் தவளையும் மீனும் எந்தக் கணுவில் முட்டுகின்றன? எது மேலே, எது கீழே?

பிறகு அதை எனக்குக் கம்பியில் செய்து அனுப்பு. வார்த்தையில் வேண்டாம். நீ வார்த்தையில் சொன்னது போதும்.

அக்கா

*

ஜூன் 29

அக்கா,

அட! அட! அட!

தவளையும் மனிதனும் இரண்டாவது கணுவிலேயே சந்தித்துவிடுகிறார்கள். தவளையும் மீனும் சந்திக்க வேண்டுமென்றால் அதற்கும் கீழே, அடிக்கணு வரை இறங்க வேண்டியிருக்கிறது. நான் நம்பவில்லை. மனைவியைக் கூப்பிட்டு விரலை மாற்றி வைத்து இன்னொரு தடவை இறங்கினோம். அதேதான். பட்டறையில் நின்றுகொண்டு இரண்டு பேரும் ஒரு பக்கத்தில் விரலை ஊரவிட்டு விளையாடுவதைப் பார்த்து எதிர்க்கடைக்காரர் ஏதாவது சோதிடமா என்று கேட்டார்.

ஆக, கணு எவ்வளவு மேலே இருக்கிறதோ அவ்வளவு சமீபத்தில் பிரிந்தவர்கள். கீழே போகப் போகப் பழைய பிரிவு. சரிதானா? இது புரிந்ததும் எனக்கு எலிப்பொறி வேலை எதுவும் ஓடவில்லை. ஒவ்வொன்றாக இறங்கிப் பார்த்தேன். இரண்டாவது கணுவில் தவளை பிரிந்து போகிறது. மூன்றாவது கணுவில் மனிதன் ஒரு பக்கம் போகிறான், பல்லி, முதலை, கோழி மூன்றும் சேர்ந்து இன்னொரு பக்கம் போகின்றன. நாலாவதில் பல்லி தனியாகக் கழன்றுகொள்கிறது. ஐந்தாவதில் முதலையும் கோழியும் பிரிகின்றன.

இங்கேதான் அச்சுப்பிழை என்று நினைக்கிறேன். முதலைக்குப் பல்லியைவிடக் கோழி நெருக்கமா? முதலையைப் பார்த்தால் ஊதிப்போன பல்லி மாதிரி இருக்கிறது. கோழிக்கும் அதற்கும் என்ன ஒட்டு உறவு? விசாரித்து எழுது.

பார்சலில் கம்பி மரம் வருகிறது. சைக்கிள் கூடைக்குப் போடும் கம்பி, லேசில் வளையாது. கணு ஐந்தையும் ஈயம் வைத்துப் பற்றியிருக்கிறேன். எனக்கு பிரெய்ல் தெரியாது, அதனால் நுனியில் ஒவ்வொரு பொருளைக் கட்டியிருக்கிறேன். மீனுக்குத் தகரத்தில் வெட்டிய வால். தவளைக்கு ரப்பர் உருண்டை. பல்லிக்கு ஒரு மெல்லிய சுருள்கம்பி. முதலைக்கு உடைந்த ரம்பத்துண்டு, பல்லை மழுக்கிவிட்டேன், பிள்ளைகள் கையைக் கீறாது. கோழிக்கு இறகு. மனிதனுக்கு ஒரு சட்டைப் பொத்தான், என்னுடையதுதான்.

எலிப்பொறி வாங்க வந்த ஒருவர் இதை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "இது என்னப்பா பொறி? எலி எந்தப் பக்கம் உள்ள போகும்?" என்றார். "இதுல மாட்டினது நான்தாங்க" என்றேன்.

தம்பி

*

ஜூலை 6

தம்பி,

பார்சல் வந்தது. பத்து நாளாகப் பள்ளியில் வேறு பேச்சு இல்லை என்று எழுத ஆசைதான். வந்து மூன்று நாள்தான் ஆகிறது. ஆனால் மூன்று நாளும் வேறு பேச்சு இல்லை.

முதலில் திட்டிவிடுகிறேன். மனிதனின் கம்பியை மட்டும் ஏன் அரை விரல் உயர்த்தினாய்? ஆறு நுனியும் ஒரே மட்டம் என்று நீதான் எழுதினாய். பிள்ளைகள் உடனே கண்டுபிடித்துவிட்டார்கள். "டீச்சர், பொத்தான் மட்டும் எல்லாரையும் விட உசரம், இவன்தான் ராஜாவா?" என்றாள் வாயாடி. ஆறு பேரும் இன்றைக்கு உயிரோடு இருப்பவர்கள். மீனும் இன்றைய மீன், நீயும் இன்றைய நீ. யாரும் யாருக்கும் மேலே இல்லை. அரத்தை வைத்து நானே தேய்த்துச் சரிசெய்துவிட்டேன்.

முதலை விஷயத்தில் அச்சுப்பிழை இல்லை. முதலையின் இதயத்தில் கோழிக்கு இருப்பதுபோல நான்கு அறைகள். பல்லிக்கு மூன்றுதான். முதலையும் கூடு கட்டி முட்டையைக் காவல் காக்கும். இதெல்லாம் எனக்கு முன்பே தெரியும், தெரியுமா? தனித்தனியாகத் தெரியும். வரிசையில் பல்லிக்கு அடுத்து முதலை என்று நீ சொல்லியிருந்ததால், இது என்ன விசித்திரம் என்று ஒதுக்கி வைத்திருந்தேன்.

இனிமேல்தான் சங்கதி. முதல் நாள் பிள்ளைகளும் உன்னைப் போலவே செய்தார்கள். கம்பியைத் தொட்டதும் கை நேராக நுனிக்குப் போய்விட்டது. ஒரு நுனியிலிருந்து இன்னொன்றுக்கு ஜாண் போட்டு அளந்தார்கள். கீழே இறங்கு, இறங்கு என்று கத்திக் கத்தி எனக்குத் தொண்டை போயிற்று. கண் இல்லாதவர்கள் இந்தத் தப்பைச் செய்ய மாட்டோம் என்று உனக்குப் பெருமையாக எழுதினேனே, அந்தப் பெருமை ஒரு மணி நேரத்தில் காலி.

அப்போது ஒரு பெண் "டீச்சர், உடைஞ்சு போச்சு" என்று அழ ஆரம்பித்தாள். ஐந்தாவது கணுவில் ஈயம் விட்டிருந்தது, தபாலில் அடிபட்டிருக்கும். கம்பி கையோடு வரவில்லை, ஆனால் அந்த இடத்தில் சுழன்றது. முதலையும் கோழியும் இருக்கும் கிளை அப்படியே திரும்பி, கோழியின் இறகு பல்லியின் சுருளுக்குப் பக்கத்தில் வந்துவிட்டது. "ஐயையோ, இப்ப பல்லிக்கு கோழிதான் சொந்தம்!" என்று ஒரே கூச்சல்.

எனக்கும் ஒரு நிமிடம் அப்படித்தான் தோன்றியது. பிறகு கம்பியை வாங்கி, கோழியிலிருந்து இறங்கிப் பார்த்தேன். முதலையைச் சந்திக்கும் கணு அதே கணு. பல்லியைச் சந்திக்கும் கணுவும் அதே கணுதான். நுனிகள் இடம் மாறிவிட்டன, சொந்தம் ஒன்றும் மாறவில்லை! வாயாடியின் கையைப் பிடித்து வைத்தேன். அவளும் இறங்கிப் பார்த்தாள்.  அப்புறம் "அப்ப பக்கத்துல இருக்கறது சும்மாவா டீச்சர்?" என்றாள். நான் பதினோரு வருடத்தில் கேட்ட மிக நல்ல கேள்வி.

ஆகவே ஈயத்தை எடு. ஐந்து கணுவும் சுழல வேண்டும். யார் வேண்டுமானாலும் யார் பக்கத்திலும் வந்து நிற்கட்டும், கணு மட்டும் மாறக்கூடாது. முடியுமா? வகுப்பில் பதினான்கு பேர், ஆளுக்கொன்று வேண்டும்.

இன்னொரு பெண் கேட்டாள், கணுவில் நிற்பது யார் என்று. அங்கே ஏன் பொருள் எதுவும் கட்டவில்லை? நீ மறந்துவிட்டாயோ என்று நினைக்கிறாள். மறக்கவில்லை, சரியாகத்தான் செய்திருக்கிறாய். அங்கே நின்றவர் இப்போது இல்லை. அவர் மீனும் இல்லை, தவளையும் இல்லை. இரண்டு பக்கத்துக்கும் மூதாதை, அவ்வளவுதான் தெரியும். நான் பிள்ளைகளிடம் மீனே தவளையாயிற்று என்று சொன்னபோது, நுனியில் இருக்கும் ஒருவரை எடுத்துக் கணுவில் உட்காரவைத்துவிட்டேன்.

வார்டன் உன் கடிதங்களை வாசிக்கும்போது தனக்குப் பிடிக்காத இடத்தில் இருமுகிறார். போன கடிதத்தில் ஒரு தடவைதான் இருமினார். தேறிவிட்டாய்.

அக்கா

*

ஜூலை 17

அக்கா,

பதினான்கு மரம் அனுப்பியிருக்கிறேன். கூண்டுக் கதவுக்குப் போடுவோமே, ஒரு பக்கம் வளையம், ஒரு பக்கம் கொக்கி, அதையேதான் ஒவ்வொரு கணுவிலும் போட்டேன். எப்படிச் சுழற்றினாலும் கழன்று வராது. எழுபது கணு. கட்டைவிரலில் தோல் உரிந்துவிட்டது. மனிதன் ஒரே மட்டத்தில்தான் இருக்கிறான், மட்டப்பலகை வைத்துப் பார்த்தேன். அன்றைக்கு ஏன் உயர்த்தினேன் என்று எனக்கே தெரியவில்லை. கை தானாகச் செய்துவிட்டது.

வார்டன் அம்மா, இனி வருவதையும் தயவுசெய்து விடாமல் வாசியுங்கள். இருமிக்கொண்டாவது வாசியுங்கள்.

அக்கா, அந்தப் படம் தவறிப்போகவில்லை. நான்தான் விட்டுவிட்டேன். கோடுகள் பிரிந்து பிரிந்து போவது அன்றைக்கே என் கண்ணில் பட்டது. அது என்னவென்று எனக்குப் புரியவில்லை. கீழே அரைப் பக்கத்துக்கு விளக்கம் இருந்தது, படித்தேன், அதுவும் புரியவில்லை. அந்த வருடம் நான் பரீட்சையில் தேறவில்லை என்று உனக்குத் தெரியும். ஆனால் நீ ஒருத்திதான் என்னிடம் எதைக் கேட்டாலும் பதில் வரும் என்று நம்பிக் கேட்பாய். உன்னிடம் போய் "எனக்குப் புரியல" என்று சொல்ல நாக்கு எழவில்லை. ஆறு பெயரை வாசித்தேன், அந்த அரைப் பக்கத்தைப் புரட்டிவிட்டேன். "அவ்வளவுதானா?" என்று நீ கேட்டாய். "அவ்வளவுதான்" என்றேன்.

இன்னும் எத்தனை படத்தை அப்படிப் புரட்டினேன் என்று கணக்கு இல்லை. ஐந்தாறு இருக்கும்.

அதனால்தான் அன்றைக்கு எல்லார் முன்னாலும் அந்தப் பேச்சைப் பேசினேன் என்று இப்போது தோன்றுகிறது. உன்னை எல்லாரும் பாராட்டினார்கள். நான் வாசித்ததை வைத்துத்தான் நீ படித்தாய் என்று யாராவது சொல்ல மாட்டார்களா என்று இருந்தது. யாரும் சொல்லவில்லை, நானே சொல்லிக்கொண்டேன். வாசித்ததைச் சொன்னேன், வாசிக்காததைச் சொல்லவில்லை.

மன்னிப்பு வேண்டாம் என்று எழுதியிருந்தாய். ஆனாலும் கேட்கிறேன். என்னை மன்னித்துவிடு அக்கா.

தம்பி

*

ஆகஸ்ட் 3

தம்பி,

வார்டன் ஒரு வரி விடாமல் வாசித்தார். இருமவே இல்லை. வாசித்து முடித்துவிட்டு, "நான் கொஞ்சம் வெளிய நடந்துட்டு வரேன்" என்று என்னைத் தனியாக விட்டுவிட்டுப் போனார். எனக்குக் கோபமும் அழுகையும் ஒன்றாக வந்தன. இத்தனை நாள் பதில் எழுதாததற்குக் காரணம் அதுதான். எது முதலில் வரும் என்று எனக்கே தெரியவில்லை.

இப்போது அதிகாரி வந்த கதையைக் கேள்.

முதல் தேதி சொன்னபடி வந்தார். பதினான்கு பேர் கையிலும் கம்பி மரம். வாயாடியின் மரத்தை வாங்கி, கிளைகளைச் சகட்டுமேனிக்குத் திருப்பினார். மனிதனைக் கொண்டுவந்து மீனுக்குப் பக்கத்தில் நிறுத்தி, தவளையை மறு கோடிக்குத் தள்ளிவிட்டு, "இப்ப சொல்லு, தவளைக்கு நெருங்கினது மீனா, மனுஷனா?" என்றார். அவள் இறங்கினாள். "மனுஷன். ஆனா மனுஷன் மட்டும் இல்ல. பல்லி, முதலை, கோழி, நாலு பேரும் தவளைக்கு ஒரே அளவுதான்" என்றாள். பேனா மூடி டக்கென்றது. 

அவர் விடவில்லை. "சரி, மாத்திக் கேக்கறேன். மீனுக்கு நெருங்கினது யாரு? தவளையா, மனுஷனா?" என்றார். இதை நான் நடத்தவே இல்லை. என் நாக்கு நுனியிலும் தவளை என்றுதான் நின்றது. வகுப்பு முழுக்கக் கம்பியில் விரல்கள் இறங்கும் சத்தம். கொக்கிகள் கிணுகிணு என்றன. வாயாடி நிதானமாகச் சொன்னாள். "ரெண்டும் சமம்தான் டீச்சர். மீன்ல இருந்து யாரைத் தேடிப் போனாலும் அடிக்கணு வரைக்கும் இறங்கித்தான் ஆகணும். அதுக்கு மேல மத்த அஞ்சு பேரும் ஒரே கூட்டம்."

அதிகாரி நாற்காலியை இழுத்து உட்கார்ந்தார். மரத்தை எடுத்தார் போலிருக்கிறது, கொக்கி அசைந்தது. வார்டன் பிறகு சொன்னார், கண்ணை மூடிக்கொண்டு விரலால் இறங்கிப் பார்த்தாராம். "நானும் தவளைன்னுதான் நெனச்சுக் கேட்டேன்" என்றார் கடைசியில். மெதுவாகத்தான் சொன்னார், ஆனால் எல்லாருக்கும் கேட்டது. பிள்ளைகள் சிரிக்கவில்லை. அதற்காக அவர்களை எனக்கு ரொம்பப் பிடித்தது.

பாடம் தொடரலாம் என்று எழுதப் போனவரை நான்தான் நிறுத்தினேன். வார்டன் என் கையைக் கிள்ளினார், நான் கேட்கவில்லை. "பதினோரு வருஷமா இதைத் தப்பா நடத்தியிருக்கேன். அதையும் சேத்து எழுதுங்க" என்றேன். "எழுதினா உங்களுக்குத்தானே பாதகம்?" என்றார். எழுதச் சொன்னேன். எழுதினார். அதற்குக் கீழே, ஆசிரியை தன் பிழையைத் தானே கண்டுபிடித்துத் திருத்திவிட்டார், உயிரியலை இவரே நடத்தட்டும் என்றும் எழுதினார். வார்டனை இரண்டு தடவை வாசிக்கச் சொல்லிக் கேட்டேன்.

இப்போது உன் விஷயம். அந்தப் புத்தகத்தில் "படத்தைப் பார்க்க" என்று நாலு இடத்தில் வந்தது. நீயே வாசித்தாய், எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. ஒரு தடவைகூட நான் "படத்துல என்னடா இருக்கு?" என்று கேட்கவில்லை. கேட்டால் நீ அலுத்துக்கொண்டு எழுந்து போய்விடுவாயோ என்று பயம். உனக்குப் புரியவில்லை என்று சொல்ல வெட்கம், எனக்குக் கேட்கப் பயம். நடுவில் என் பிள்ளைகள் மாட்டிக்கொண்டார்கள். மன்னித்துவிட்டாயா என்றால், முழுதாக இல்லை. ஆனால் நீ எழுதிய பிறகு உன் மேல் கோபப்படுவது முன்புபோல வசதியாக இல்லை.

பதினோரு வருடத்தில் இந்தப் பாடத்தை என்னிடம் படித்துப் போனவர்கள் எண்பத்து மூன்று பேர். ஒருவன் டெலிபோன் ஆபரேட்டர், ஒருத்தி மூன்று பிள்ளைகளுக்குத் தாய், இரண்டு பேர் ஆசிரியர்கள். அந்த இரண்டு பேர் இன்னும் எத்தனை பேருக்கு மீன் தவளையாயிற்று என்று சொல்லிக்கொண்டிருக்கிறார்களோ. எண்பத்து மூன்று பேருக்கும் பிரெய்லில் கடிதம் எழுத ஆரம்பித்துவிட்டேன். நான் சொன்னது தப்பு, சரியானது இது என்று. ஒவ்வொரு கடிதத்தோடும் ஒரு சின்ன மரம் போக வேண்டும், வெறும் வார்த்தையை இனி நான் நம்பமாட்டேன்.

மரத்தை நீ அனுப்ப வேண்டாம். கம்பியையும் கொக்கியையும் எடுத்துக்கொண்டு இங்கே வா. எப்படி வளைப்பது என்று காட்டு, நானும் செய்கிறேன். கடிதத்தின் கீழே இரண்டு பெயர் வரும். நடத்தியவள் என்று என் பெயர். வாசித்துக் காட்டியவன் என்று உன் பெயர். உன் பெயரை உன் கையாலேயே குத்த வேண்டும், எண்பத்து மூன்று தடவை. சம்மதமா?

அக்கா

*

ஆகஸ்ட் 9

அக்கா,

சனிக்கிழமை காலை ரயிலில் வருகிறேன். கம்பிச் சுருள் இரண்டு, குறடு இரண்டு, உனக்கு ஒன்று எனக்கு ஒன்று.

இங்கே ஒரு பார்வையற்றவர் போன் பூத் வைத்திருக்கிறார். அவரிடம் போய் என் பெயரைக் குத்தக் கற்றுக்கொண்டேன். வலமிருந்து இடமாகக் குத்தினால்தான் திருப்பும்போது சரியாக வருமாமே, இத்தனை வருடம் உன் பக்கத்தில் உட்கார்ந்திருந்தும் எனக்கு அது தெரியாது. நாலு நாளாக அட்டையில் குத்திக்கொண்டிருக்கிறேன். அவர் தடவிப் பார்த்துவிட்டு, "இப்பதான் உங்க பேர் மாதிரி இருக்கு" என்றார்.

ஒன்றே ஒன்று. நடத்தியவள் முதலில், வாசித்தவன் அப்புறம் என்று எழுதியிருக்கிறாய். மாற்றிவிடு. என் பெயர் முதலில் வரட்டும், அக்கா. தப்பு என் வாயிலிருந்துதான் கிளம்பியது.

தம்பி